சடைச்சியேந்தலின் ஒரே கட்டில்

பெண்ணைக் கொடுக்குமுன் மாப்பிள்ளை வீட்டைப் பற்றி மூன்று இடங்களில் விசாரிக்க வேண்டும் என்பது என் மாமனாரின் சித்தாந்தம். டீக்கடை, ஊரணிக்கரை, பகையாளி வீடு. மூன்றாவது இடத்தில்தான் கலப்படமில்லாத உண்மை கிடைக்கும் என்பார். என்னைப் பற்றியும் அப்படித்தான் விசாரித்தாராம். அந்தப் பகையாளி யார் என்று கல்யாணமான நாளிலிருந்து கேட்டுப் பார்க்கிறேன். மனிதர் வாயைத் திறப்பதில்லை.

இந்தத் தடவை விசாரிக்க வேண்டியது என் மைத்துனி கமலாவுக்கு வந்த வரன். பையன் பெயர் ராஜாங்கம். சென்னைத் துறைமுகத்தில் வேலை, தலை நிறைய முடி, பெரியவர்களைக் கண்டால் எழுந்து நிற்கும் பழக்கம். சொந்த ஊர் ராமநாதபுரம் சீமையில் கடலாடிக்கும் அப்பால் இருக்கும் சடைச்சியேந்தல். “அம்மா இல்ல. அய்யா மட்டும் ஊர்ல இருக்காக. கொஞ்சம் தனியா இருப்பாக” என்று அவனே சொன்னான். கண்டவனோடு சேராத கௌரவமான மனிதர் என்று நாங்கள் அர்த்தம் செய்துகொண்டோம்.

நான் டிராயிங் மாஸ்டர். பள்ளிக்கூடத்துக்குக் கோடை விடுமுறை. வீட்டில் சும்மா இருக்கிற ஆண்பிள்ளை நான் ஒருவன்தான் என்பதால் தேர்தல் சுலபமாக முடிந்தது. “நேரே போய்ப் பெண் வீட்டுக்காரன் என்று நிற்காதே. ராமேஸ்வரம் யாத்திரை வந்தவன் மாதிரி போ” என்றார் மாமனார். “யாத்திரை என்று போனால் கோடி தீர்த்தம் கொண்டு வராமல் இருக்கலாமா?” என்று மாமியார் ஒரு பித்தளைக் கூஜாவைக் கையில் கொடுத்தார். சடைச்சியேந்தல் என்ற பெயர் கடைசிவரை அவர் வாயில் நுழையவில்லை. ‘அந்தச் சடை ஊர்’ என்றே சொல்லி வழியனுப்பினார்.

பாம்பன் பாலத்தில் ரயில் ஏறியதும் அதுவரை ஓயாமல் பேசிக்கொண்டு வந்த பெட்டி முழுவதும் கப்சிப் என்றாகிவிட்டது. இரண்டு பக்கமும் தண்ணீர். எதிரே உட்கார்ந்திருந்த தஞ்சாவூர் அம்மாள் கண்ணை இறுக மூடிக்கொண்டு, “கரை வந்தாச்சா?” என்று என்னையே கேட்டுக்கொண்டிருந்தார். நானும் கண்ணை மூடியிருந்தேன் என்பதை அவரிடம் சொல்லவில்லை.

ராமேஸ்வரத்தில் கோயிலுக்குள்ளே இருக்கும் கிணறுகளில் ஒன்றுவிடாமல் குளிக்க வேண்டும். நாமாகக் குளிக்க முடியாது. ஒருவர் கிணற்று விளிம்பில் ஏறி நின்று வாளியால் மொண்டு தலையில் கொட்டுவார். அவருக்கு அவசரம். நான் வாயைத் திறந்து, “கொஞ்சம் மெதுவாக” என்று சொல்ல ஆரம்பிக்கும்போதெல்லாம் அடுத்த வாளி வந்து இறங்கியது. ஒரு கிணறு உப்பு, ஒன்று தித்திப்பு, ஒன்று பாசி என்று எல்லா ருசியும் எனக்கு அப்படித்தான் தெரிந்தது. அன்றைக்குச் சத்திரத்துக் கருங்கல் தரையில் ஈரத்தலையோடு படுத்தேன். விடிந்ததும் முதுகு பிடித்துக்கொண்டது. இடுப்புக்கு மேலே ஒரு ஆள், கீழே ஒரு ஆள் என்று இரண்டு பேராக நடந்தேன்.

மனத்தைத் தேற்றிக்கொள்ள மீன் சாப்பிடலாம் என்று தோன்றியது. கோயிலைச் சுற்றி இட்டிலியும் தண்ணீராக ஒரு சட்டினியும் தவிர வேறு இல்லை. கடற்கரையில் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்த ஒரு மீனவரைக் கேட்டேன். சந்தியாகு என்று பெயர்; கழுத்தில் சிலுவை தொங்கியது. அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். “மெட்ராஸ்லேருந்து சாமி கேட்டு வருவாக, தீர்த்தம் கேட்டு வருவாக. மீனு கேட்டு வந்த மொத ஆளு நீங்கதான்” என்று சிரித்து, வீட்டுக்கே கூட்டிப்போய்ப் பாரை மீன் குழம்பு போடச் சொன்னார். அந்தக் குழம்புக்காக இன்னொரு தடவை அத்தனை வாளிகளையும் தாங்கலாம்.

நான் போகும் ஊரைச் சொன்னதும் சந்தியாகு முகம் சுளித்தார். “உள்காட்டுச் சனமா? நல்லவுகதான். ஆனா ஒரு கட்டுன்னு போட்டுட்டா தெய்வமே வந்தாலும் அவுக்க முடியாது. எங்களுக்காவது கடல் சத்தம் போட்டுக்கிட்டே இருக்கு. அங்கன அதுவும் இல்ல” என்றார். குழம்பில் கவனமாக இருந்ததால் என்ன கட்டு என்று நான் கேட்கவில்லை.

மறுநாள் ராமநாதபுரத்தில் கடலாடி பஸ் ஏறினேன். புறப்படும் நேரம் எது என்று கண்டக்டரைக் கேட்டபோது, “டிரைவர் சாப்பிட்டு வந்ததும்” என்றார். டிரைவர் நன்றாகச் சாப்பிடுகிறவர். பாதி வழியில் பஸ்ஸின் மூக்கிலிருந்து ஆவி கிளம்பி வண்டி நின்றது. அந்தச் சீமையில் கோடையில் பஸ்ஸுக்குத் தண்ணீர் கிடைப்பது என்றால் மனிதன் தரவேண்டும். கண்டக்டர் ஒவ்வொருவரிடமும் செம்பு நீட்டினார். யாரிடமும் சொட்டு இல்லை. எல்லார் கண்ணும் என் கூஜாவின் மேல் விழுந்தது.

“இது கோடி தீர்த்தம்” என்றேன். “வண்டிக்கும் புண்ணியம் வேண்டாமா சார்?” என்றார் கண்டக்டர். மாமியாரை நினைத்துக்கொண்டு கண்ணை மூடினேன். தீர்த்தம் குடித்த பஸ் உறுமிக்கொண்டு கிளம்பியது. பின்னால் இருந்த ஒரு கிழவர் பஸ்ஸைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

கடலாடியில் இறங்கி ஒரு மாட்டு வண்டியில் தொற்றிக்கொண்டேன். வெடித்த கரிசல், உடைமரம், பனைமரம், மறுபடியும் உடைமரம். முதுகு ஒவ்வொரு பள்ளத்தையும் தனித்தனியாக எண்ணியது. சென்னையில் ஒரு தெருவில் நிற்கிற கூட்டத்தை இந்த வெளி முழுவதிலும் தூவினால்கூட ஒருவருக்கொருவர் கூப்பிட்டால் கேட்காது. சடைச்சியேந்தல் ஒரு தெருவும் ஒரு ஊரணியும் ஒரு சாவடியும் கொண்ட ஊர். தெருத் தலைப்பில் டீக்கடை இருந்தது. மாமனாரின் முதல் இடம்.

உட்கார்ந்தவுடன் ஊர்க்காரர்கள் சூழ்ந்துகொண்டார்கள். மெட்ராஸில் மழை உண்டா, எந்த மந்திரியைப் பார்த்திருக்கிறேன், பல்லில் ஏன் அந்தக் கறை என்று நல்ல பேச்சு. நான் டீயை ஆற்றிக்கொண்டே, ரொம்ப சாமர்த்தியமாக மாப்பிள்ளையின் அப்பா பெயரைச் சொல்லி, “இங்கே பூமிநாதன் என்று ஒருவர் இருக்கிறாராமே, எப்படிப்பட்ட மனிதர்?” என்றேன்.

யாரோ விசையைத் திருப்பியது போல அத்தனை பேச்சும் நின்றது. டீக்கடைக்காரர் பாய்லரைப் பார்த்தார். ஒருவர் துண்டை உதறித் தோளில் போட்டார். கடைசியில் ஒருவர், எதிரே இருந்த வேப்பமரத்தைப் பார்த்து, “கெழக்க கடைசி வீடு” என்றார். குடியா, கொலையா, கூத்தியாளா என்று என் மனம் பல இடங்களுக்குப் போய்வந்தது. “அவருக்கு இங்கே பகையாளி யாராவது உண்டா?” என்று கேட்டேன். அதற்கு எல்லாரும் சிரித்துவிட்டார்கள். “பகைன்னா பேசித்தானய்யா சண்டை போடணும்?” என்றார் வேப்பமரத்தைப் பார்த்தவர்.

கிழக்குக் கடைசி வீட்டு வாசலில் நெட்டையான ஒரு மனிதர் கோழிகளுக்குக் கம்பு இறைத்துக்கொண்டிருந்தார். நான் வணக்கம் சொல்லி முடிப்பதற்குள் அவர் பேச ஆரம்பித்துவிட்டார். கொழும்பில் ஜவுளிக்கடையில் வேலை பார்த்தது, கப்பலில் தலைமன்னாரிலிருந்து தனுஷ்கோடி வந்தது, கோழிக்கு வந்த சீக்கு, சிங்களத்தில் வெங்காயத்துக்கு என்ன பெயர். எல்லாம் ஒரே மூச்சில். நான் ராமேஸ்வர யாத்ரீகன் என்று இடையில் ஒரு வார்த்தை நுழைத்தேன். “இந்த ஊருக்கு எந்த யாத்ரீகன் வாரான்? எம்மகனுக்குப் பொண்ணு கொடுக்கிற வீடுதானே நீங்க?” என்றார். என் வேஷம் அத்தோடு கலைந்தது.

“இன்னும் எதுவும் முடிவாகவில்லை, தயவுசெய்து வெளியே சொல்லாதீர்கள்” என்று கெஞ்சினேன். “நான் யார்ட்டங்க சொல்லப் போறேன்?” என்றார் பூமிநாதன். அதில் இருந்த நியாயம் எனக்கு அப்போது விளங்கவில்லை.

அந்த நேரத்தில் பக்கத்து வீட்டு ஓலை வேலிக்கு மேலே ஒரு பெண்ணின் தலை தெரிந்தது. எங்கள் இருவரையும் பார்க்காமல் கோழியைப் பார்த்துச் சத்தம் போட்டாள். “ஏ செவலக் கோழி! ஒங்க வீட்டு ஆளுட்ட சொல்லு. வந்தவுகள நிக்க வச்சே கதை பேசுறாகளே, உக்காரச் சொன்னா கொறைஞ்சா போகும்? சோறு எங்க வீட்டுல ஆக்குறேன்னும் சொல்லு!” பிறகு என் பக்கம் திரும்பி, “வாங்க சார், நல்லாருக்கீகளா?” என்றாள், குரலில் அத்தனை இனிமையோடு.

பூமிநாதன் கோழியிடம், “சரின்னு சொல்லு” என்றார்.

பிறகு கதை வெளியே வந்தது. சடைச்சியேந்தலில் யாரும் கட்டிலில் படுக்கக் கூடாது. ஊர் எல்லையில் அய்யனார் ராத்திரி முழுக்க நின்றுகொண்டே காவல் காக்கிறார். சாமி நிற்கும்போது நாம் கட்டிலில் சொகுசாகப் படுத்தால் சாமிக்குக் கால் வலிக்காதா? அசலூர்க்காரன் படுத்தால் தோஷமில்லை. அய்யனார் கணக்கில் அவன் இல்லை. ஊர்க்காரனுக்குத்தான் தரை. பிள்ளை பெறுகிறவளுக்கும் தரைதான்.

கொழும்புக் கடையில் முதலாளி இரும்புக் கட்டிலில் படுப்பாராம். பூமிநாதன் வருஷக்கணக்காக அதன் பக்கத்தில் தரையில் படுத்து, அந்த ஸ்பிரிங் கிறீச்சிடுவதைக் கேட்டுக்கொண்டே தூங்கியிருக்கிறார். “நாமளும் ஒரு நா அதுல படுத்துச் சாகணும்னு வெறி” என்றார். ஊருக்குத் திரும்பும்போது அதே மாதிரி ஒன்றை வாங்கிக் கப்பலில் ஏற்றிக் கொண்டு வந்துவிட்டார். ஊர் திரண்டு வந்து சொன்னது. “வாங்கினவன் நான், படுக்கிறவன் நான்” என்றார் இவர். ஊர்த் தலைவரான அம்பலம் வேலுச்சாமி கட்டுப் போட்டுவிட்டார்: கட்டிலை விட்டு இறங்கினேன் என்று சாவடியில் வந்து சொல்கிறவரை இவரோடு யாரும் பேசக் கூடாது. அம்பலம் யார் என்றால் பூமிநாதனுடைய மனைவியின் அண்ணன். வேலிக்கு மேலே தலை காட்டிய பேச்சி, அம்பலத்தின் மனைவி. பேச்சி என்ற பெயருள்ளவளுக்கே பேச்சு மறுக்கப்பட்டுவிட்டது.

“எவ்வளவு நாள் கட்டிலில் படுத்தீர்கள்?” என்றேன்.

பூமிநாதன் தரையைப் பார்த்தார். “அந்த வாரமே எறங்கிட்டேங்க. தூக்கம் வரல. பொரண்டா கீழ விழுந்துருவமோன்னு பயம். காலம்பூரா தரையில கெடந்த ஒடம்பு.” அது நடந்து பன்னிரண்டு வருஷம் ஆகிறது. உள்ளே எட்டிப் பார்த்தேன். பித்தளைக் குமிழ் வைத்த கம்பீரமான கட்டில். அதன் மேல் மிளகாய் வற்றல் குவிந்து கிடந்தது. ஒரு கோழி குமிழில் உட்கார்ந்து என்னை முறைத்தது. அதன் பக்கத்தில் தரையில் ஒரு பாய் சுருட்டி வைத்திருந்தது.

மதியம் பேச்சி வீட்டில் குதிரைவாலிச் சோறும் கருவாட்டுக் குழம்பும். ராமநாதபுரத்துக் குண்டு மிளகாய் என்றால் என்ன என்பதை முதல் கவளத்தில் என் நாக்கும், இரண்டாவதில் காதும் அறிந்தன. கண்ணீரோடு அம்பலத்தைக் கேட்டேன்: “அவர் கட்டிலைவிட்டு இறங்கியது உங்களுக்குத் தெரியாதா?”

“ஊருக்கே தெரியும்” என்றார் அம்பலம். கனமான மீசை, மெல்லிய குரல். “என் தங்கச்சி மறுவாரமே வந்து சொல்லிருச்சு. ஆனா அவரு வாயால சாவடியில வந்து சொல்லணும்ல? சொல்லுங்கன்னு கூப்புடலாம்னா, கூப்புடணும்னா பேசணும். பேசினா கட்டு அந்து போகும். போட்டவனே அறுத்தா நாளைக்கு எவன் என் சொல்லைக் கேப்பான்? மச்சானுக்கு ஒரு நாயம், மத்தவனுக்கு ஒரு நாயமாம்பாக.”

எனக்கு இது ஐந்து நிமிஷ வேலையாகத் தோன்றியது. நான்தான் அசலூர்க்காரன் ஆயிற்றே, இரண்டு பக்கமும் பேசலாம். வேலியைத் தாண்டிப் பூமிநாதனிடம் போய், “அம்பலம் உங்களைச் சாவடிக்கு வந்து சொல்லச் சொல்கிறார்” என்றேன். “ஆள் விட்டுக் கூப்பிட்டா ஆச்சா? பொண்ணு கொடுத்த வீடு. அவரு வாயால கூப்பிடட்டும்” என்றார். திரும்பி வந்து அம்பலத்திடம் சொன்னேன். “அவரு வாயால சொல்லட்டும், பெறகு நான் வாயால கூப்புடுறேன்” என்றார். மறுபடி அங்கே. மறுபடி இங்கே. சோறு செரித்ததுதான் மிச்சம்.

கடைசித் தடவை போனபோது பூமிநாதன் குரலைத் தாழ்த்திக்கொண்டார். “எம் பொஞ்சாதி இருந்தவரைக்கும் எனக்கு இது ஒண்ணும் தெரியலைங்க. கட்டு எனக்குத்தானே, அவளுக்கில்லையே. ஊர் பேசுறதையெல்லாம் கொண்டாந்து எங்கிட்டக் கொட்டுவா. நான் சொல்றதைக் கொண்டுபோய்க் கொட்டுவா. அவ செத்தன்னைக்கு ஊரே வந்துச்சு. பாடை கட்டினாக, தூக்குனாக, ஒரு கொறை வைக்கல. மச்சான் என் பக்கத்துலதான் நின்னு அழுதாரு. எங்கூட அழுகல. அவகூட அழுதாரு.” அதன் பிறகுதான் கோழியும் வேப்பமரமும் பேச்சுக்கு வந்தனவாம். கருவாடு ருசியாக இருந்தது என்று ஏதோ உளறினேன்.

அவர் என் முதுகைக் கவனித்துவிட்டார். மிளகாயை அள்ளிக் கோழியை விரட்டி, கட்டிலைத் துடைத்து, “நீங்க அசலூர். செத்த நேரம் சாயுங்க” என்றார். தப்பில்லையே என்று இரண்டு தடவை கேட்டுக்கொண்டுதான் படுத்தேன். சத்திரத்துக் கருங்கல்லுக்கும் கடலாடி வண்டிக்கும் பிறகு அந்த ஸ்பிரிங் கட்டில் சொர்க்கம். மிளகாய்க் காரத்தில் இரண்டு தும்மல் போட்டுவிட்டுத் தூங்கிப்போனேன்.

நான் தூங்கும்போதுதான் விபரீதம் நடந்தது. பூமிநாதனுக்குத் தன் கட்டிலில் ஒரு கௌரவமான மனிதன் குறட்டை விடுவதைப் பார்த்ததும் சந்தோஷம் தாங்கவில்லை. வேலி ஓரம் போய்க் கோழியிடம் உரக்கச் சொல்லியிருக்கிறார்: “ஏ செவல! பக்கத்து வீட்டுல சொல்லு. வந்திருக்கிறது யாரோ இல்ல, மெட்ராஸ் சம்பந்தியாக்கும்! எம்மகனுக்குப் பொண்ணு கொடுக்க வந்திருக்காக!”

எழுந்ததும் முகம் கழுவிக்கொண்டு பேச்சி வீட்டு வாசலுக்குப் போனேன். மோர் கேட்கலாம் என்று எண்ணம். பேச்சி என்னைப் பார்த்தாள். உடனே முகத்தைத் திருப்பிக்கொண்டு வேலியோரம் மேய்ந்த ஆட்டைப் பார்த்து, “ஏ ஆடே! மெட்ராஸ் சம்பந்தியிட்ட சொல்லு, மோர்ச் செம்பை வேலியில வச்சிருக்கேன்” என்றாள்.

நான் வேடிக்கை என்று நினைத்துச் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை. டீக்கடைக்குப் போனேன். காலையில் என் பல்லைப் பற்றிக் கேட்டவர்கள் எல்லாரும் இருந்தார்கள். டீ வந்தது, பேச்சு வரவில்லை. வேப்பமரத்துக்காரர் மரத்துக்கு விளக்கம் சொன்னார்: “அசலூர் ஆளு கட்டில்ல படுத்தா தோசமில்ல. ஆனா சம்பந்தின்னு ஆயிட்டா அசலூர் ஆளா? நம்ம ஆளு. நம்ம ஆளு கட்டில்ல படுத்தா கட்டு உண்டா இல்லியா?” மரம் மறுக்கவில்லை. அதாவது, என்னை உறவாக ஏற்றுக்கொண்டுவிட்டார்கள். அதனால் என்னோடு பேசமாட்டார்கள்.

வண்டிக்காரரிடம் போய், மறுநாள் காலை கடலாடிக்கு வண்டி வேண்டும் என்றேன். அவர் என்னைக் கூர்ந்து பார்த்துவிட்டு, மாட்டின் காதில், “பொழுது கெளம்பி வருவோம்னு சொல்லுடா” என்றார். ஊரணிக்கரையில் உட்கார்ந்தேன். தண்ணீர் எடுக்க வந்த பெண்கள் குடத்தோடு பேசினார்கள். எதிரே வருகிற ஒவ்வொருவரும் பக்கத்தில் வந்ததும் வானத்தைப் பார்த்தார்கள். யாருக்கும் என் மேல் கோபம் இல்லை. அதுதான் தாங்கமுடியவில்லை. கோபமாக இருந்தால் திட்டவாவது செய்வார்கள். சென்னையில் நான் யாரென்று தெரியாத ஆயிரம் பேருக்கு நடுவே நடப்பேன், ஒன்றும் தோன்றாது. இங்கே எல்லாருக்கும் என்னைத் தெரியும். தெரிந்தும் ஒரு வார்த்தை கிடையாது. பொழுதும் சாய்ந்தது. வெட்கத்தைவிட்டுச் சொல்கிறேன், என் மாமியார் அங்கே வந்து கூஜா எங்கே என்று கேட்டிருந்தால்கூடக் கட்டிக்கொண்டு அழுதிருப்பேன்.

பூமிநாதனிடம் வந்து சொன்னேன். அவர் முதலில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். “உங்களுக்குமா? வாங்க, இனிமே நாம ரெண்டு பேரு!” என்றார். பிறகு என் முகத்தைப் பார்த்தார். சிரிப்பு நின்றது. “இது நல்லால்லையே” என்றார். “கல்யாணத்துக்கு உங்க வீட்டுச் சனமெல்லாம் வருவாக. அம்புட்டு பேரும் சம்பந்தி வீடு. மெத்தையில படுத்துப் பழகினவுக, ஒருத்தராவது இதுல சாஞ்சுருவாக. எங்க ஊரு அவுகட்ட ஒரு வார்த்தை பேசலைன்னா? எம்மகனுக்கு யாரு பொண்ணு கொடுப்பா?” அதற்குப் பிறகு அவர் பேசவில்லை. அந்த வீட்டில் அவர் பேசாமல் இருந்ததை நான் முதல் முறையாகப் பார்த்தேன்.

காலையில் கண் விழித்தபோது அவர் கொழும்புச் சட்டையைப் போட்டுக்கொண்டிருந்தார். கழுத்துப் பொத்தான் பூட்ட மறுத்தது. “சாவடிக்குப் போறேன். வாரீகளா?” என்றார். “கூப்பிடவில்லையே?” என்றேன். “கூப்புடலதான்” என்று சொல்லிவிட்டு நடந்தார். தெருவில் எங்களைப் பார்த்தவர்கள் ஒவ்வொருவராகப் பின்னால் சேர்ந்துகொண்டார்கள். ஒருவரும் வாயைத் திறக்கவில்லை.

சாவடியில் அம்பலம் வேப்பங்குச்சியால் பல் துலக்கிக்கொண்டிருந்தார். மச்சானைப் பார்த்ததும் குச்சி வாயிலேயே நின்றுவிட்டது. பூமிநாதன் படியேறவில்லை. கீழேயே நின்றார். “ஏ சாவடித் தூணே” என்று ஆரம்பித்தார். தூணை விட்டுவிட்டு நேராக அம்பலத்தைப் பார்த்தார்.

“மச்சான், நான் கட்டில்ல இருந்து எறங்கிட்டேன். அந்த வாரமே எறங்கிட்டேன். உங்களுக்கும் தெரியும், ஊருக்கும் தெரியும். என் வாயால சொல்லணும்னீக, சொல்லிட்டேன். இவுக எம்மகனுக்காக வந்தவுக. இவுகட்டப் பேசுங்க. எனக்கு வேண்டாம். எனக்குப் பழகிப்போச்சு.” சட்டைக் கழுத்தை இழுத்துவிட்டுக்கொண்டார். “பழகல மச்சான். பொய் சொல்றேன். பழகவே இல்ல.”

கூட்டத்தில் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். திரும்பிப் பார்த்தேன், பேச்சி முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டிருந்தாள். அம்பலம் குச்சியைத் துப்பினார். துண்டை எடுத்து இடுப்பில் கட்டினார், அவிழ்த்தார், மறுபடி கட்டினார். முதல் வார்த்தை அவருடையதாக இருக்க வேண்டும். கட்டுப் போட்டவர் அவர். தீர்ப்பு மாதிரி ஏதோ பெரிதாகச் சொல்லப் போகிறார் என்று நானும் ஊரும் காத்திருந்தோம். அவர் உதடு இரண்டு தடவை அசைந்தது. கடைசியில் வெளியே வந்தது இதுதான்:

“சாப்ட்டீகளா மச்சான்?”

கோழியிடமும் என்னிடமும் மூச்சுவிடாமல் பேசிய பூமிநாதனுக்கு அதற்கு ஒரு பதில் வரவில்லை. இல்லை என்று தலையை மட்டும் ஆட்டினார். கண்ணீர் கொழும்புச் சட்டையில் சொட்டியது. நானும் அழுதேன். அதற்குக் குண்டு மிளகாயைக் காரணம் காட்ட முடியாது.

அவ்வளவுதான், அணை உடைந்தது. அத்தனை பேரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். ஒருவர் இவர் கையைப் பிடித்து ஏழு வருஷத்துக்கு முன் செத்த காளையின் கதையை ஆரம்பித்தார். ஒருவர் தன் மகளுக்கு இரட்டைப் பிள்ளை பிறந்ததைச் சொன்னார். “அது தெரியும்ல” என்றார் பூமிநாதன். “தெரிஞ்சா? நாங்க சொல்ல வேணாமா?” என்று அவர் கோபித்துக்கொண்டு முதலிலிருந்து சொன்னார். பேச்சி வீட்டு வாசலில் இலை போட்டார்கள். பந்தியில் பூமிநாதன் இந்தப் பக்கம் திரும்புவார், அந்தப் பக்கம் திரும்புவார். இட்டிலி அவர் கையிலேயே ஆறியது.

எனக்கும் கட்டு விலகியிருந்தது என்றுதான் நினைக்கிறேன். சரிபார்க்க வழியில்லை. என்னோடு பேச யாருக்கும் நேரமில்லை. வண்டிக்காரர் மாட்டைப் பூட்டிவிட்டு வந்து, “நேரமாச்சு சம்பந்தி” என்று என் முகத்தைப் பார்த்தே சொன்னார்.

விடைபெற வேண்டும் என்று கூட்டத்தை விலக்கிக்கொண்டு போனேன். மச்சான்கள் இருவரும் முட்டியோடு முட்டி இடிக்க உட்கார்ந்திருந்தார்கள். “அப்போ நான் புறப்படட்டுமா?” என்றேன். காதில் விழவில்லை. இன்னும் கொஞ்சம் உரக்கச் சொன்னேன். பூமிநாதன் என் பக்கம் பார்க்காமல் கையை மட்டும் தூக்கினார். “இருங்க இருங்க, மச்சான் என்னமோ சொல்லிக்கிட்டிருக்காக.”

அம்பலம் சொல்லிக்கொண்டிருந்தது ஊரணியில் எந்த வருஷம் எவ்வளவு தண்ணீர் நின்றது என்பதை. நான் கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு வண்டியில் ஏறினேன். மாப்பிள்ளைப் பையனைப் பற்றி ஒரு வார்த்தைகூட விசாரிக்கவில்லை என்பது தெருமுனை தாண்டியதும்தான் உறைத்தது. திரும்பிப் பார்த்தேன். நேற்று முழுவதும் என்னை விடாமல் பிடித்துவைத்துப் பேசிய மனிதர், ஒரு தடவைகூட என் பக்கம் திரும்பவில்லை. எனக்கு அதில் கொஞ்சம் வருத்தம்தான். ஆனால் கமலாவை அந்த வீட்டுக்குக் கொடுக்கலாம் என்று அந்த நிமிஷத்தில்தான் முடிவு செய்தேன்.